முதல் டேக்கில் திரும்பிப் பார்த்தவள்

நீலவேணி சொந்தப் படம் எடுக்க ஜவ்வாது மலைக்கு வந்தது 1962 மார்கழியில். அப்போது அவளுக்கு முப்பத்தெட்டு வயது. பத்திரிகைகளில் முப்பத்திரண்டு.

அந்தப் பக்கம் அவளுக்குப் புதிதில்லை. அடிவாரத்து ஆலங்காயத்தில் பிறந்தவள். பெற்றவள் வைத்த பெயர் அம்மாக்கண்ணு. அப்பன் முகம் தெரியாது. அம்மா புளி மண்டியில் கொட்டை எடுக்கும் கூலி. ஊரில் ஆறு மாதம் ஆடிய நாடகக் கம்பெனி கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு கிளம்பியபோது, பதினோரு வயசுப் பெண்ணை அவர்களோடு வண்டியில் ஏற்றிவிட்டு அம்மா திரும்பவும் புளி உடைக்கப் போய்விட்டாள். அனுப்பினாளா, விற்றாளா என்று மகள் யாரிடமும் விசாரித்ததில்லை.

கம்பெனி நொடித்ததும் அம்மாக்கண்ணு சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் கூட்டத்தில் ஆடும் பெண்களில் ஒருத்தியானாள். இருபத்துநாலு பேர். காமிராவுக்கு முதுகைக் காட்டி ஆடும் வரிசையில் அவள் கடைசி. ஒருநாள் ஆட்டத்தின் நடுவே வேண்டுமென்றே திரும்பி, காமிராவை நேராகப் பார்த்துச் சிரித்தாள். டான்ஸ் மாஸ்டர் பிரம்பால் முழங்காலில் போட்டார். ஆனால் மறுநாள் அந்தப் பிலிம் துண்டைப் போட்டுப் பார்த்த டைரக்டர், "யார் அந்தப் பொண்ணு?" என்று கேட்டார். அந்தக் கேள்வியில்தான் அம்மாக்கண்ணு போய் நீலவேணி வந்தாள்.

பதினெட்டு வயதில் கதாநாயகி. அடுத்த பதிமூன்று வருஷத்தில் நாற்பத்தோரு படம். அழுதாள், பாடினாள், நஞ்சு குடித்தாள், சிதையில் ஏறினாள். ஒரு படத்தில் கல்யாணப் பந்தல் பற்றி எரிகிற காட்சி. முதல் டேக்கிலேயே அவள் பின்னலில் தீப் பிடித்துவிட்டது. ஈரச்சாக்கைப் போட்டு அணைத்தார்கள். நாற்காலியில் உட்கார்ந்திருந்த முதலாளி எழுந்துகூட வரவில்லை. "மூஞ்சிக்கு ஒண்ணும் ஆகலையே? அப்போ இன்னொண்ணு எடுத்துடுங்க" என்றார். எடுத்தார்கள். அந்தப் படம் நூறு நாள் ஓடியது. பிடரியில் உள்ளங்கை அகலத்துக்குத் தழும்பு தங்கிவிட்டது. அதற்கப்புறம் அவள் கொண்டையைத் தாழ்வாகவே போட்டாள். ஊரிலிருக்கும் பெண்களெல்லாம் அதை நீலவேணிக் கொண்டை என்று போட்டுக்கொண்டார்கள்.

1957இல் முதல் அம்மா வேஷம் வந்தது. ஏழு படங்களில் அவளோடு கைகோத்துப் பாடிய அதே கதாநாயகனுக்கு அம்மா. அவனுக்கு அவளைவிட நாலு வயது கூடுதல். முதல்நாள் முதல் ஷாட்டில் அவன் அவள் காலில் விழுந்து ஆசீர்வாதம் வாங்கவேண்டும். விழுந்தான். யாரோ ஒரு லைட் பையன் களுக்கென்று சிரித்துவிட்டான். நீலவேணியும் கூடச் சிரித்துவைத்தாள். மேக்கப் அறைக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு, தலையில் தெளித்திருந்த வெள்ளைப் பவுடரை உதறும்போதுதான், இனிமேல் அடுத்தவன் கூப்பிடும்வரை காத்திருக்கக்கூடாது என்று முடிவு செய்தாள்.

அப்படிப் பிறந்ததுதான் வேணி பிக்சர்ஸ். கணவன் கிடையாது, அண்ணன் தம்பி கிடையாது. ஒரு பெண்பிள்ளை முதலாளி நாற்காலியில் உட்காருவதா என்று முகத்துக்கு நேரேயே கேட்டார்கள். மூன்று வருஷம் அலைந்தாள். மலையில் பிறந்து, மலைக்கு வெளியே வாழ்க்கைப்பட்டு, ஏமாந்து திரும்பி வருகிற ஒருத்தியின் கதை. தனக்கென்றே எழுதவைத்த கதை. விநியோகஸ்தர்கள் முழுக்கக் கேட்டார்கள், கண்கூடக் கலங்கினார்கள். கடைசியில், "கதை அருமைம்மா. ஆனா நீங்க நடிக்காதீங்க" என்றார்கள். அதையும் விழுங்கினாள். வசந்தி என்ற இருபது வயதுப் பெண்ணைக் கதாநாயகியாகப் போட்டாள்.

மலையில் கூடாரம் அடித்து இருபது நாள். நல்ல முதலாளி என்றுதான் எல்லாரும் சொன்னார்கள். டைரக்டருக்கு என்ன சாப்பாடோ அதேதான் ரிஃப்ளெக்டர் தூக்குகிறவனுக்கும். பெண்களுக்குத் தனிக் கூடாரம், தனி வெந்நீர். குளிரில் ஒருவன் இருமினாலும் அவளே போய்க் கஷாயம் கொடுக்கச் சொன்னாள். தான் பட்டது யாருக்கும் வேண்டாம் என்று நினைத்தாள். அது பொய்யான நினைப்பு இல்லை.

கூடாரத்துக்குத் தேனும் சாமை அரிசியும் கொண்டுவந்து கொடுத்தவள் பாஞ்சாலை. பக்கத்து ஊர்க்காரன் ரங்கனின் பெண்டாட்டி. இருபத்தாறு வயது, கல்யாணமாகி எட்டு வருஷம், பிள்ளை இல்லை. வசந்தியின் அதே உயரம், அதே தோள், அதே நீளக் கூந்தல். பின்னாலிருந்து பார்த்தால் வசந்தியின் அம்மாவே ஏமாந்துபோவாள். தூரத்து ஷாட்டுகளுக்கு, மேடு ஏறுவது இறங்குவதற்கெல்லாம், பாஞ்சாலையை வைத்துக்கொள்ளலாமே என்று யோசனை சொன்னது நீலவேணிதான்.

பாஞ்சாலைக்கு அது ஒரே வேடிக்கை. மாலையில் வேலை முடிந்ததும் நீலவேணியின் கூடார வாசலில் குத்துக்காலிட்டு உட்காருவாள்.

"யம்மா, சினிமாவுல நானு தெரிவனா?"

"தெரிவேடி. முதுகு தெரியும்."

"முதுவு மட்டுமா? மூஞ்சி இன்னாத்துக்கு ஆவுதாம்?"

"மூஞ்சிக்குத்தான் அந்தப் பொண்ணு இருக்குதே."

"ஆங்... மூட்ட தூக்கத்தான் நானு, கூலி வாங்க அதுவா?" என்று சிரிப்பாள். அவளோடு பேசும்போது நீலவேணிக்குத் தன்னை அறியாமல் ஆலங்காயத்துப் பேச்சு வந்துவிடும். இருபத்தேழு வருஷமாக வாயில் வராத பேச்சு.

கடைசி நாளுக்குக் கடைசிக் காட்சியை வைத்திருந்தார்கள். ஏமாந்து திரும்பிய கதாநாயகி கல்யாணப் புடவையைக் கட்டிக்கொண்டு மடுவில் இறங்கி, மெல்ல மெல்ல நடந்து, மூழ்கிப்போகிறாள். மலையிலிருந்து விழும் ஓடை பாறைக்கு நடுவே தேங்கி நிற்கிற மடு அது. ஓரத்தில் இடுப்பளவு, அப்புறம் மார்பளவு, அதற்கப்பால் பாறை விளிம்பு சட்டென்று இறங்கிவிடும். தண்ணீர் எலும்பைக் கடித்தது. வசந்திக்கு இரண்டு நாளாகச் சளி. காலை நனைக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். முகம் தெரிகிற ஷாட்டைக் கரையிலேயே எடுத்து முடித்துக்கொண்டார்கள். இறங்குவது பாஞ்சாலை.

"நீச்சல் தெரியுமாடி?" என்று நீலவேணி கேட்டாள்.

"நீச்சலு கீச்சலு தெரியாதும்மா. மாரு மட்டும் போவேன். கல்லு எங்க முடியுதுன்னு எனக்குத் தெரியும். அங்க நின்னுக்கினு முங்கி எழுந்துடுறேன்."

ரங்கன் எதிர்ப் பாறைமேல் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான். பாஞ்சாலைக்குக் கட்டியது அரக்குச் சிவப்பில் கனமான ஜரிகைப் பட்டு. மலைப்பெண்கள் முழங்காலுக்குச் சற்றுக் கீழே ஏற்றிக் கட்டுவார்கள். இதைப் பாதம் மறையக் கட்டிவிட்டார்கள். டைரக்டர் வரதன் குரல் கொடுக்க, காமிரா ஓடியது. பாஞ்சாலை இறங்கினாள். முழங்கால், இடுப்பு, மார்பு. மூழ்க வேண்டிய இடத்துக்கு வந்ததும் நின்றாள். நின்று, தலையைத் திருப்பி, காமிராவை நேராகப் பார்த்துச் சிரித்தாள்.

"கட்! கட்! சனியனே, யார் உன்னைத் திரும்பச் சொன்னா?" வரதன் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார்.

நீலவேணிக்குத் தெரிந்தது. அந்தச் சிரிப்பு எதற்கு என்று அங்கே இருந்த நாற்பது பேரில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும். ஒரு நிமிஷம் அவளுக்கும் சிரிப்பு வந்தது. அதற்குள் மேற்கு முகட்டைப் பார்த்தாள். வெயில் பாறைகளின் பாதியைத் தாண்டி ஏறிக்கொண்டிருந்தது. இன்னும் கால்மணி நேரம் இருந்தால் அதிகம். காமிராவை மறுநாள் சென்னையில் திருப்பிக் கொடுத்தாகவேண்டும். இந்த ஷாட் இல்லாமல் படத்துக்கு முடிவு இல்லை.

அதே போல இன்னொரு புடவை இருந்தது. நடுங்கிக்கொண்டு கரையேறிய பாஞ்சாலையின் ஈர உடம்பின்மேல் அவசர அவசரமாக அதைச் சுற்றினார்கள். அவள் உதடு நீலம் பாரித்திருந்தது.

"யம்மா," என்றாள் தாழ்ந்த குரலில். "இந்தப் பொடவ காலச் சுத்துதும்மா. தண்ணியில கால் எடுக்க வரல. ஏத்திக் கட்டிக்கவா?"

வரதன் பின்னாலிருந்து, "ஏத்திக் கட்டினா முன்னாடி எடுத்ததோட சேராது" என்றார்.

நீலவேணி மறுபடியும் முகட்டைப் பார்த்தாள். "ஒரே ஒரு தரம்டி. இந்தத் தபா திரும்பாத. நேராப் போ. இன்னும் ரெண்டு எட்டு உள்ள போய் முங்கு. அவ்வளோதான்."

பாஞ்சாலை அவள் முகத்தைப் பார்த்தாள். "செரிம்மா" என்றாள்.

இந்த முறை திரும்பவில்லை. நேராகப் போனாள். மார்பளவில் ஒரு கணம் தயங்கி, இன்னும் ஓர் எட்டு வைத்தாள், இன்னும் ஒன்று. தலை உள்ளே போனது. சிவப்புப் புடவையின் முந்தானை மட்டும் தண்ணீர்மேல் விரிந்து, மெல்லச் சுழன்று, அதுவும் போனது. வரதன் கையை உயர்த்திக் காமிராவை ஓடவிட்டார். ஒரு கை மேலே வந்தது. விரல்கள் விரிந்து மூடின. "பிரமாதம்," என்று வரதன் முணுமுணுத்தது நீலவேணியின் காதில் விழுந்தது. அவளும் அப்படித்தான் நினைத்தாள்.

எதிர்ப் பாறையிலிருந்து ரங்கன் அலறிக்கொண்டு குதித்த பிறகுதான் காமிரா நின்றது.

கயிறு கட்டி, ஆள் இறங்கி, தூக்கிப் போட அரைமணி ஆயிற்று. பட்டு இரண்டு காலையும் கட்டிப்போட்ட மாதிரி சுற்றியிருந்தது. ரங்கன் அதை அவிழ்க்க முயன்றான். ஈர முடிச்சு அவிழவில்லை. பல்லால் கடித்துக் கிழித்தான்.

புரொடக்ஷன் மேனேஜர் கண்ணாயிரம் இருபது வருஷமாக இந்தத் தொழிலில் இருப்பவர். நீலவேணியைத் தனியே அழைத்துப் போனார். "அம்மா, படப்பிடிப்பில் செத்தாள் என்று எழுதினால் படம் முடிஞ்சுது. இன்ஷூரன்ஸ் இல்லை, பர்மிஷன் சரியாக இல்லை. வேலை முடிஞ்சு குளிக்கப் போனவள் வழுக்கி விழுந்தாள். அவ்வளவுதான். நாற்பது குடும்பம் இருக்கு, யோசிங்க."

மறுநாள் காலை சப்-இன்ஸ்பெக்டர் வந்தார். சின்ன வயசுக்காரர். ஜீப்பிலிருந்து இறங்கியதும் சல்யூட் அடிப்பதுபோல் நின்று, "உங்க படம் ஒண்ணு விடாம பார்த்திருக்கேம்மா" என்றார். நீலவேணி பேச ஆரம்பித்தாள். தங்கச்சி மாதிரி இருந்தாள் என்றாள். வேலை முடிந்தது, போய்த் துணியை மாற்றிக்கொள் என்றுதான் சொன்னேன் என்றாள். நான் கூடாரத்தில் இருந்தேன், சத்தம் கேட்டுத்தான் ஓடிவந்தேன் என்றாள். சொல்லும்போதே கண்ணீர் வந்தது. எந்த இடத்தில் குரல் உடையவேண்டும், எந்த இடத்தில் நிறுத்தி மூச்சு வாங்கவேண்டும் என்று உடம்புக்கே தெரிந்திருந்தது. அழுகை உண்மைதான். அதுதான் அவளைப் பிறகு தூங்கவிடாமல் செய்தது.

சப்-இன்ஸ்பெக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுதினார்.

மரத்தடியில் நின்ற ரங்கன் இரண்டு எட்டு முன்னால் வந்தான். "சாமி, அவ குளிக்கப் போவலங்க. இந்தம்மா சொல்லித்தாங்க எறங்குனா."

"அம்மாவே அழுதுட்டிருக்காங்க. நீ சும்மா இருய்யா," என்றார் சப்-இன்ஸ்பெக்டர்.

ரங்கன் நீலவேணியைப் பார்த்தான். அவள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அவன் மரத்தடிக்கே திரும்பிப் போனான். கண்ணாயிரம் சாவுச் செலவுக்கென்று ஊர்க்கவுண்டரிடம் ஏதோ கொடுத்தார். அன்று சாயங்காலமே கூடாரங்களைப் பிரித்தார்கள்.

சென்னையில் எடிட்டிங் மேசையின் சின்னத் திரையில் நீலவேணி இரண்டு டேக்கையும் பார்த்தாள். இரண்டாவதை ஒரு தரம். முதலாவதை நாலு தரம். பாஞ்சாலையின் முகம் பெரிதாக இல்லை, விரல் நகத்தளவுதான். ஆனால் தெளிவாக இருந்தது. நெற்றியில் ஈர மயிர் ஒட்டியிருந்தது. முன்பல் இரண்டுக்கும் நடுவில் சந்து. 'எப்படி?' என்று கேட்கிற மாதிரி ஒரு புருவம் லேசாக ஏறியிருந்தது.

"இது இருக்கக்கூடாதும்மா," என்றார் கண்ணாயிரம். "முதுகு யாருடையது என்று யார் சொல்லமுடியும்? வசந்தி என்று சொல்லிடலாம். முகம் இருந்தால்தான் ஆபத்து. நாளைக்கு எவனாவது கேஸ் போட்டால் இந்தத் துண்டு போதும்."

"எரிச்சிடுங்க," என்றாள் நீலவேணி.

இரண்டாவது டேக் படத்தில் சேர்ந்தது. கை மேலே வந்து விரல் மூடுகிற இடம் வரைக்கும் வைத்தார்கள். அடுத்த தீபாவளிக்குப் படம் வெளியாகி எல்லா ஊரிலும் ஓடியது. அந்தக் காட்சியில் தியேட்டரே விம்மியது என்று பத்திரிகைகள் எழுதின. வசந்தி இரண்டு வாரம் மடுவில் ஒத்திகை பார்த்ததாகவும் ஒரு பத்திரிகை எழுதியது. பெண் முதலாளி ஜெயித்துவிட்டாள் என்று பாராட்டுக் கூட்டம் போட்டு மாலை போட்டார்கள். நீலவேணி கும்பிட்டு வாங்கிக்கொண்டாள். அடுத்த படத்துக்குப் பூஜை போட நாள் பார்க்கச் சொன்னாள். பார்த்துக் கொடுத்த நாளை மூன்று தரம் தள்ளிப்போட்டாள்.

மாசி மாதம் ஆலங்காயத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் கலீல், அங்கே டூரிங் கொட்டகை நடத்துபவர். 'மலைக்காரன் ஒருவன் தினமும் முதல் ஆட்டத்துக்கு வந்து தரை டிக்கெட்டில் உட்காருகிறான். மடு காட்சி வந்தால் எழுந்து திரைக்கிட்டே போய் நின்றுகொள்கிறான். ஜனங்கள் கூச்சல் போடுகிறார்கள். இரண்டு தரம் வெளியே தள்ளிப் பார்த்துவிட்டேன். அது என் சம்சாரம் என்கிறான். பைத்தியம் மாதிரி தெரியவில்லை. என்ன செய்யட்டும் என்று தெரிவிக்கவும்.'

"பதில் போடவேண்டாம்," என்றார் கண்ணாயிரம்.

நீலவேணி பதில் போடவில்லை. மறுநாள் காரை எடுத்துக்கொண்டு தானே கிளம்பினாள்.

ஆலங்காயம் போய்ச் சேர்ந்தபோது உச்சி வெயில். கலீல் கொட்டகை வாசலில் போஸ்டருக்குப் பசை தடவிக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் கையைத் துடைக்கக்கூட மறந்துபோனார். "நீங்களே வந்துட்டீங்களாம்மா! ஒரு லெட்டர் போட்டிருந்தாப் போதுமே," என்றவர், குரலைத் தாழ்த்தி, "அந்த ஆளு மண்டியில மூட்ட தூக்குறான். கூப்டு வரச் சொல்லட்டுமா?" என்றார்.

"வேணாம் பாய். நானே போறேன்."

புளி மண்டி அவளுக்கு வழி கேட்காமலே தெரிந்தது. ரங்கன் நிழலில் உட்கார்ந்து கேழ்வரகுக் களியைத் தின்றுகொண்டிருந்தான். அவளைப் பார்த்து எழுந்திருக்கவில்லை. மிச்சக் களியை முழுக்கத் தின்று முடித்துக் கையைக் கழுவினான்.

"ரங்கா, நான்..."

"தெரியுதுங்க."

அவள் புளிச் சாக்கின்மேல் உட்கார்ந்தாள். என்ன சொல்லவேண்டும் என்று சென்னையிலிருந்து வரும் வழியெல்லாம் யோசித்து வைத்திருந்தது ஒன்றும் வரவில்லை. "தினமும் படத்துக்கு வர்றியாமே," என்றாள்.

"ஆமாங்க. பத்து நாளாப் பாக்குறேன். திரும்புவா, திரும்புவான்னு பாக்குறேன். திரும்பமாட்றா." அவன் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினான். "எங்கூட்ல போட்டோ கீட்டோ ஏதுங்க. வருசம் ஒன்னு தாண்டிப்போச்சு. அவ மூஞ்சி எனக்கு மறந்துப்போவுதுங்க. கண்ண மூடுனா முதுவுதான் வருது. அந்த செவப்புப் பொடவதான் வருது. அவ கட்டுன பொடவ கூட இல்ல அது."

நீலவேணி சாக்கிலிருந்து உதிர்ந்த ஒரு புளியங்கொட்டையை எடுத்து விரலுக்குள் உருட்டினாள்.

"மொதல்ல எடுத்தீங்களே, அதுல திரும்புனாளே. நா எதிர்க்கதான இருந்தேன். அந்த ஐயா கூடத் திட்டினாரே. அது இருக்குங்களா? அத ஒரு தபா காட்னா போதும். கலீல் பாயாண்ட கேட்டேன், அது மெட்ராஸ்ல இருக்கும்ன்னாரு."

இல்லை, அப்படி ஒன்று கிடையாது என்று சொல்லிவிடலாம். அவன் நம்பிவிடுவான். வாய்வரை வந்துவிட்டது.

"இருந்துச்சு," என்றாள். "நான்தான் எரிக்கச் சொன்னேன்."

ரங்கன் முதன்முறையாக அவளை நிமிர்ந்து பார்த்தான்.

"அதுல அவ மூஞ்சி இருந்துச்சு. வெளிய வந்தா ஷூட்டிங்குலதான் செத்தான்னு தெரிஞ்சிடும். அதான் எரிச்சோம். பொடவ காலச் சுத்துதுன்னு எங்கிட்ட சொன்னா ரங்கா. என் காதுல விழுந்துச்சு. விழுந்தும் போடீன்னு அனுப்புனேன்."

"அது எனக்குத் தெரியும்ங்க," என்றான் அவன். "அவ உங்களாண்ட ஏதோ கேட்டா, நீங்க சூரியனப் பாத்தீங்க. அது வரைக்கும் பாத்துக்கினுதான் இருந்தேன்." பிறகு, "எப்புடி இருந்தா அதுல?" என்று கேட்டான்.

நீலவேணி சொன்னாள். நெற்றியில் ஒட்டிய மயிரைச் சொன்னாள், பல் சந்தைச் சொன்னாள், புருவத்தைச் சொன்னாள். எடது புருவமா வலதா என்று கேட்டான். எடது என்றாள். அவன் கண்ணை மூடிக்கொண்டு கேட்டான். சொல்லி முடித்த பிறகும் ரொம்ப நேரம் கண்ணைத் திறக்கவில்லை.

பின்னாலேயே வந்திருந்த கலீல் மண்டி வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுவிட்டிருந்தார். அவருக்குத் தாங்கவில்லை. "ரங்கா, என்னாண்ட இருக்கிற படத்துல அந்தத் துண்ட வெட்டிக் குடுத்துடுறேன்யா. யார் இன்னா கேட்டாலும் நா பாத்துக்கிறேன். வெச்சிக்கோ."

"முதுவ வெச்சிக்கினு நா இன்னா பண்றது பாய்?" என்றான் ரங்கன். பிறகு நீலவேணியிடம், "எம்மேல ஒரு கேள்வி கீதுங்க ஊர்ல. குளிக்கப் போனவ எப்புடி அந்தப் பொடவயோட போவா, புருசங்காரன்தான் ஏதோ பண்ணிட்டான்னு அவ அண்ணங்காரன் சொல்லிக்கினு திரியுறான். யாரும் எங்கூடப் பொழங்குறதில்ல. அதான் மலைய வுட்டு இங்க வந்து மூட்ட தூக்குறேன். நீங்க போலீசாண்ட உள்ளத உள்ளபடி ஒரு தபா சொல்லுவீங்களா?"

இது அவள் யோசித்தே பார்க்காத ஒன்று. தான் சொன்ன பொய் மலையில் ஒரு வருஷமாக நடமாடிக்கொண்டிருந்ததும், இவன் கழுத்தைப் பிடித்துக்கொண்டிருந்ததும்.

"வா," என்று எழுந்தாள்.

ஸ்டேஷனில் அதே சப்-இன்ஸ்பெக்டர்தான். இந்த முறையும் எழுந்து நின்றார். அவள் சொல்லச் சொல்ல அவர் முகம் மாறியது. "அம்மா, அது மூடின கேஸ். இப்போ இப்படிச் சொன்னா உங்களுக்கும் நல்லதில்ல, எனக்கும் நல்லதில்ல. வீட்டுக்குப் போங்க." அவள் போகவில்லை. சாயங்காலம் வரை பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். எழுதிக்கொள்ள ஆளில்லை என்றார்கள். கடைசியில் காகிதம் வாங்கித் தானே எழுதினாள். மூன்றாம் வகுப்போடு நின்ற கையெழுத்து; எழுத்துக் கூட்டி எழுதி, ஒரு நகலை மேலதிகாரிக்குத் தபாலில் அனுப்பினாள். கீழே நீலவேணி என்று போட்டு, பக்கத்தில் அம்மாக்கண்ணு என்றும் போட்டாள்.

செய்தி வெளியானதும் சென்னையில் வீட்டுக் கதவைத் தட்டுகிறவர்கள் மாறிப்போனார்கள். வரதன் வந்து கத்திவிட்டுப் போனார். வசந்தியின் அம்மா, என் மகள்தான் மடுவில் இறங்கினாள் என்று பத்திரிகைக்குப் பேட்டி கொடுத்தாள். கண்ணாயிரம் சாவிக்கொத்தை மேசைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டார். அந்தக் காட்சியை வெட்டிவிடும்படி விநியோகஸ்தர்களுக்கு அவள் எழுதினாள். அதைப் பார்க்கத்தானே ஜனம் வருகிறது என்று பதில் வந்தது. உண்மையிலேயே ஒருத்தி செத்த காட்சி என்று தெரிந்த பிறகு பல ஊர்களில் படத்தை மறுபடி போட்டார்கள். கூட்டம் முன்னைவிட அதிகம். ஆலங்காயத்தில் மட்டும் ஓடவில்லை.

மேலதிகாரி உத்தரவில் வரதன்மேலும் அவள்மேலும் போட்ட கேஸ் ஐப்பசியில் விசாரணைக்கு வந்தது. வரதனின் வக்கீல், அந்த முதுகு வசந்தியுடையதுதான், பெயருக்காகவும் பரிதாபத்துக்காகவும் நடிகை கதை கட்டுகிறாள் என்று வாதாடினார். ரங்கனைக் கூண்டில் ஏற்றி, முகமில்லாமல் உன் மனைவி என்று எப்படிச் சொல்கிறாய் என்று கேட்டார். "எட தோளு ஏறியிருக்கும்ங்க. கூடய செமந்து செமந்து," என்றான் ரங்கன். நீலவேணி கூண்டில் ஏறினாள். இந்தத் தடவை அவளுக்கு அழுகை வரவில்லை. வறண்ட குரலில், ஒன்றை ஒன்று முட்டிக்கொள்கிற வாக்கியங்களில், புடவையைப் பற்றியும் வெயிலைப் பற்றியும் சொன்னாள். நன்றாகச் சொல்லவில்லை. பாதிப் பேர் நம்பவில்லை என்று முகங்களில் தெரிந்தது.

மாஜிஸ்திரேட் நம்பினார். கவனக்குறைவால் நேர்ந்த மரணம். வரதனுக்கு அபராதம். நீலவேணிக்கு அபராதமும், கோர்ட் கலையும்வரை சிறையும்.

குமாஸ்தா தீர்ப்பைப் படித்தார். "ஜவ்வாது மலை ரங்கன் மனைவி பாஞ்சாலை, வயது இருபத்தாறு, படப்பிடிப்பில் வேலை செய்துகொண்டிருந்தபோது..." ரங்கன் பின்னால் திரும்பி, சுவரோரம் நின்ற ஒருவனைப் பார்த்தான். அவன்தான் பாஞ்சாலையின் அண்ணன். அண்ணன் தலையைக் குனிந்துகொண்டு வெளியே போனான்.

தீர்ப்பு வந்தபோது மணி பதினொன்றரை. கோர்ட் கலைய ஐந்து ஆகும். நீலவேணியைச் சுவரோரப் பெஞ்சில் உட்காரச் சொன்னார்கள். அடுத்தடுத்து வேறு வேறு கேஸ்கள் வந்தன: ஆடு திருடியவன், வரப்பை வெட்டியவன், சாராயம் காய்ச்சியவர்கள். ஜன்னலில் ஆட்கள் வந்து நின்று அவளைப் பார்த்துவிட்டுப் போனார்கள். "மூஞ்சி இன்னாடி இப்புடி ஆயிப்போச்சு இதுக்கு," என்று ஒரு பெண்பிள்ளை சொன்னது நன்றாகவே கேட்டது.

ரங்கன் போகுமுன் ஒருமுறை பெஞ்சுக்கு எதிரே வந்து நின்றான். ஏதோ சொல்லப்போகிறான் என்று அவள் நிமிர்ந்தாள்.

"சாம அறுப்பு நிக்குதுங்க. இப்ப மூணு மணி பஸ்ஸுக்கு போய்ட்டாதான் மல ஏற முடியும்," என்றான்.

"மலைக்கே போறியா?"

"ஆமாங்க."

மன்னித்தேன் என்று சொல்லவில்லை. அவளும் கேட்கவில்லை. அவன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு படியிறங்கிப் போனான்.

ஐந்து மணிக்கு மாஜிஸ்திரேட் எழுந்தார். எல்லாரும் எழுந்து நின்றார்கள். கூட்டம் வெளியேறியது. பியூன் ஒவ்வொரு ஜன்னலாகச் சாத்திக்கொண்டு வந்து, அவள் பெஞ்சருகே நின்றான்.

"கோர்ட் கலைஞ்சிட்டுதும்மா. நீங்க போவலாம்."

அவள் எழுந்தாள். காலையிலிருந்து ஒரே இடத்தில் உட்கார்ந்ததில் கால் மரத்திருந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு, உணர்வு வரும்வரை அப்படியே கொஞ்சநேரம் நின்றாள்.